ஜெரால்டு மகளுக்குப் பெயர் வெரெனீகி

குழு: தூத்துக்குடி வீடு

ஜெரால்டு அண்ணன்: எல்லாருக்கும் வணக்கம். பிள்ளைக்குப் பெயர் முடிவாகிவிட்டது. வெரெனீகி. ஞானஸ்நானம் அடுத்த மாதம், இங்கே கிரேக்கத்தில், தெசலோனிக்கியில்.

ஸ்டெல்லா அத்தை: சந்தோஷம்டா. என்ன பெயர்? பிரித்து எழுது.

ஜெரால்டு அண்ணன்: வெ - ரெ - னீ - கி. னீ-யில் அழுத்திச் சொல்லுங்கள்.

சேவியர் அத்தான்: மச்சான், மருந்துக் கடையில் கேட்டால் பத்து மாத்திரை எடுத்துக் கொடுப்பார்கள் போலிருக்கிறது.

ஸ்டெல்லா அத்தை: நீ சும்மா இரு சேவியர். ஜெரால்டு, தப்பாக எடுத்துக்கொள்ளாதே. நம் வீட்டில் பெயருக்கா பஞ்சம்? மகன் வழியில் முதல் பேத்தி. ராணி மதினி பெயரை வைப்பதுதானே முறை?

ஜெரால்டு அண்ணன்: அம்மா பெயரைத்தான் வைத்திருக்கிறோம் அத்தை.

ஸ்டெல்லா அத்தை: அதில் ராணி எங்கே இருக்கிறது?

ஜெரால்டு அண்ணன்: ராணி வீட்டில் கூப்பிடுகிற பெயர். கோயில் பதிவேட்டில் என்ன எழுதியிருக்கிறது?

நான்: ரேஷன் கார்டில் பார்த்திருக்கிறேன். வெரோனிக்கா!

சேவியர் அத்தான்: அத்தை பெயர் வெரோனிக்காவா? எனக்கு இன்றைக்குத்தான் தெரியும்.

ராணி பெரியம்மா: எனக்கே பேங்கில் கையெழுத்துப் போடும்போதுதான் ஞாபகம் வரும்.

ஜெரால்டு அண்ணன்: கிரேக்கத்திலும் தாத்தா பாட்டி பெயரைத்தான் பிள்ளைகளுக்கு வைக்கிறார்கள். பெரும்பாலும் முதல் உரிமை அப்பா வழிக்கு. அதனால் ஒரே குடும்பத்தில் மூன்று மரியா, நான்கு கத்தெரீனா இருப்பார்கள். ஞானஸ்நானம் வரைக்கும் பிள்ளையைப் பெயர் சொல்லாமல் 'பேபா' என்றே கூப்பிடுகிற வழக்கம் இன்னும் இருக்கிறது. என் மனைவி எலேனியின் அம்மாதான் முதலில் கேட்டார், உன் அம்மா பெயர் என்ன என்று. வெரோனீகி என்றே வைத்திருக்கலாம், அந்த வடிவமும் இங்கே உண்டு. எலேனி மக்கெதோனியாக்காரி. மூலப் பெயர்தான் வேண்டும் என்றாள். ஆனால் இங்கேயே இது அபூர்வம். பக்கத்து வீட்டுக்காரர் இரண்டாம் தடவை கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டார்.

அந்தோணி சித்தப்பா: அருமையான பெயர்டா. பழைய கிரேக்கத்தில் பெரெனிகே. வெற்றியைக் கொண்டுவருபவள் என்று பொருள். 'ஃபெரோ' என்றால் கொண்டுவருகிறேன், 'நீகே' என்றால் வெற்றி. மற்ற கிரேக்கர் ஃபெரெனிகே என்றார்கள். மக்கெதோனியர் அந்த முதல் எழுத்தை நாம் 'பக்தி'யில் சொல்கிற ப மாதிரி சொன்னார்கள். பிற்காலக் கிரேக்கத்தில் அந்த ப, வ ஆகிவிட்டது. அதனால்தான் இன்று வெரெனீகி. லத்தீன் வழியாகப் போனது வெரோனிக்கா ஆயிற்று. ஆங்கிலக்காரர் பெர்னிஸ் ஆக்கினார்கள்.

சேவியர் அத்தான்: நீகே என்றால் அந்த நைக்கி ஷூ கம்பெனியா?

ஜெரால்டு அண்ணன்: அதேதான். வெற்றித் தேவதையின் பெயர். எங்கள் ஊர்ப் பெயரின் வாலிலும் அவள்தான் இருக்கிறாள்.

அந்தோணி சித்தப்பா: ஆமாம். தெசலியில் கிடைத்த வெற்றிக்காக மன்னன் பிலிப் தன் மகளுக்குத் தெசலோனிகே என்று பெயர் வைத்தான். அலெக்சாந்தருக்கு அப்பா வழித் தங்கை. அவளை மணந்த கசாந்தர் கி.மு. 315 வாக்கில் ஊரைக் கட்டி மனைவி பெயரை வைத்தான். புனித பவுல் தெசலோனிக்கேயருக்குக் கடிதம் எழுதினாரே, அந்த ஊர்.

ராணி பெரியம்மா: அதெல்லாம் சரி தம்பி. சிலுவைப்பாதை ஆறாம் நிலையில் ஆண்டவர் முகத்தைத் துடைத்த வெரோனிக்கா யூதப் பெண் அல்லவா? அவளுக்கு எப்படிக் கிரேக்கப் பெயர்?

அந்தோணி சித்தப்பா: நல்ல கேள்வி மதினி. அந்தக் காலத்து யூதர்களிடம் கிரேக்கப் பெயர் சகஜம். அந்திரேயா, பிலிப்பு இரண்டும் கிரேக்கப் பெயர்கள்தான். ஆனால் நான்கு நற்செய்திகளிலும் வெரோனிக்கா என்ற பெயரே கிடையாது. பன்னிரண்டு வருடம் இரத்தப்போக்கால் அவதிப்பட்டு ஆண்டவரின் ஆடையைத் தொட்டாளே ஒருத்தி, அவளுக்குப் பிற்கால நூலான பிலாத்து நடபடிகளில் பெரெனிகே என்று பெயர் கொடுத்தார்கள். லத்தீனில் அது வெரோனிக்கா. முகம் பதிந்த துணியின் கதை பிறகு அவளோடு சேர்ந்துகொண்டது. 'வேரா' உண்மை, 'ஐகான்' உருவம், அதனால் வெரோனிக்கா என்று இடைக்காலத்தில் ஒரு விளக்கம் சொன்னார்கள். பெயர் வந்த பிறகு கட்டிய விளக்கம் அது.

ஸ்டெல்லா அத்தை: ஆக பைபிளில் இந்தப் பெயரே இல்லையா?

அந்தோணி சித்தப்பா: இருக்கிறது. அப்போஸ்தலர் நடபடிகள் 25ஆம் அதிகாரம். பழைய மொழிபெயர்ப்பில் பெர்னீக்கேயாள் என்று வரும். அகிரிப்பா ராஜாவின் சகோதரி. செசரியாவில் பவுலின் வழக்கைக் கேட்க மிகுந்த ஆடம்பரத்தோடு வந்து உட்கார்ந்தவள்.

ஸ்டெல்லா அத்தை: நல்லவளா?

அந்தோணி சித்தப்பா: ஊர் வாய் அவளைச் சும்மா விடவில்லை. ஆனால் கி.பி. 66இல் எருசலேமில் ரோம ஆளுநன் மக்களை வெட்டிச் சாய்த்தபோது, வெறுங்காலோடு அவன் முன்னால் போய் நின்று நிறுத்தச் சொல்லிக் கெஞ்சியவளும் அவளே. அவன் கேட்கவில்லை. பிறகு அந்த நகரத்தை அழித்த ரோமத் தளபதி தீத்துவே அவளைக் காதலித்தான். ரோமாபுரிக்காரர்களுக்குக் கிழக்கிலிருந்து வந்த ராணி பிடிக்கவில்லை. 79இல் பேரரசன் ஆனதும் மனமில்லாமல் அனுப்பிவிட்டான்.

ராணி பெரியம்மா: பாவம்.

நான்: இருங்கள், என் பங்குக்கு ஒன்று. வானத்தில் 'பெரெனிகேயின் கூந்தல்' என்று ஒரு விண்மீன் கூட்டம் இருக்கிறது. எங்கள் வானியல் துறையில் கோமா பெரெனிசஸ் என்போம். அந்தப் பெரெனிகேயா இது?

அந்தோணி சித்தப்பா: அது வேறு ஒருத்தி, 300 வருடம் மூத்தவள். எகிப்து ராணி இரண்டாம் பெரெனிகே. இப்போதைய லிபியாவில் இருக்கும் சிரேனே அவள் ஊர். மூன்றாம் தாலமியைக் கட்டிக்கொண்டாள். கல்யாணம் ஆன கையோடு, கி.மு. 246இல், அவன் சிரியாவுக்குப் போருக்குப் போனான். அந்தப் போருக்குக் காரணமும் ஒரு பெரெனிகே! அவனுடைய சகோதரி. சிரியாவில் வாழ்க்கைப்பட்டு, சக்களத்திச் சண்டையில் குழந்தையோடு கொல்லப்பட்டாள்.

சேவியர் அத்தான்: எத்தனை பெரெனிகேதான் சித்தப்பா? எண் போட்டுச் சொல்லுங்கள்.

ஜெரால்டு அண்ணன்: உனக்கு அவர் மாமாடா. நாங்கள் சித்தப்பா என்பதைப் பார்த்து நீயும் ஆரம்பித்துவிட்டாய்.

அந்தோணி சித்தப்பா: விடு. கதைக்கு வருகிறேன். புருஷன் பத்திரமாகத் திரும்பினால் என் கூந்தலைக் காணிக்கை தருகிறேன் என்று நேர்ந்துகொண்டாள். வேளாங்கண்ணிக்கு முடி நேர்வது போலத்தான். அவன் திரும்பி வந்தான். முடியை வெட்டிக் கோயிலில் வைத்தாள். அப்புறம் பார்த்தால் முடியைக் காணவில்லை. அரசவை வானியலாளர் கோனோன், சாமோஸ் தீவுக்காரர், சமயோசிதமாக வானத்தைக் காட்டினார். தெய்வங்கள் அதை எடுத்துக்கொண்டு போய் நட்சத்திரமாக வைத்துவிட்டன என்றார்.

சேவியர் அத்தான்: இவர் எங்கள் கப்பலில் ஸ்டோர் பொறுப்பில் இருந்திருக்க வேண்டிய ஆள்.

அந்தோணி சித்தப்பா: கவிஞர் கல்லிமாக்கஸ் அந்த முடியே பேசுவது போலக் கவிதை எழுதினார். ராணியின் தலையைவிட்டுப் பிரிந்துவிட்டேனே என்று முடி புலம்பும். கிரேக்க மூலம் துண்டு துண்டாகத்தான் கிடைத்திருக்கிறது. கத்தூல்லஸ் லத்தீனில் பெயர்த்தது முழுதாக இருக்கிறது.

நான்: இப்போது அதைப் பார்க்கும் விதம் சொல்கிறேன். ஏப்ரல், மே மாதம் இரவு ஒன்பது மணி போல மொட்டை மாடிக்குப் போங்கள். சிம்மத்தின் வால் நுனியில் இருப்பது நம் உத்திர நட்சத்திரம். கிழக்கே தள்ளிப் பளிச்சென்று சுவாதி. இரண்டுக்கும் நடுவே, கொஞ்சம் வடக்கே, பொடிப்பொடியாகச் சிதறிக் கிடக்கும். விளக்கு வெளிச்சம் இல்லாத இடமாக இருக்க வேண்டும். அந்தப் பொடி நட்சத்திரங்கள் சுமார் 280 ஒளியாண்டு தூரத்தில் இருக்கின்றன. நம் பால்வீதியின் வட துருவத் திசையும் அங்கேதான். குறுக்கே தூசி குறைவு. அதனால் தொலைநோக்கியில் வெகு தூரம் பார்க்கலாம். 30 கோடி ஒளியாண்டுக்கும் அப்பால் ஆயிரத்துக்கு மேற்பட்ட விண்மீன் மண்டலங்கள் ஒரே கொத்தாக இருக்கின்றன. மொத்தம் 88 விண்மீன் கூட்டங்களில், நிஜமாக வாழ்ந்த ஒருவர் பெயரைத் தாங்கியது இது ஒன்றுதான்.

ஸ்டெல்லா அத்தை: அந்த ராணி கடைசியில் எப்படிச் செத்தாள்?

அந்தோணி சித்தப்பா: அதைக் கேட்பீர்கள் என்று பயந்தேன். கணவன் இறந்தபின் மகன் நான்காம் தாலமி பட்டத்துக்கு வந்தான். அவனுடைய மந்திரி கொல்ல ஏற்பாடு செய்தான்.

ஸ்டெல்லா அத்தை: ஏதாவது குற்றம் செய்தாளா?

அந்தோணி சித்தப்பா: அதற்கில்லை. ஆனால் தாலமிக்கு முன்னால் அவளுக்கு ஒருவனைப் பார்த்திருந்தார்கள். அவன் மாமியாரோடு பழகினான் என்று தெரிந்து ஆள் வைத்துக் கொன்றாள்.

ஸ்டெல்லா அத்தை: மாதாவே! ஜெரால்டு, இந்தப் பெயரா என் பேத்திக்கு?

ஜெரால்டு அண்ணன்: அரச குடும்பம் என்றால் அப்படித்தான் அத்தை. எலேனி இந்தப் பெயரைப் பிடித்தது ராணிகளுக்காக இல்லை. ரோட்ஸ் தீவில் டியாகோரஸ் என்று ஒரு குத்துச்சண்டை வீரர், கி.மு. 464இல் ஒலிம்பியாவில் வென்றவர். ரோட்ஸ் விமான நிலையத்துக்கே அவர் பெயர்தான். அவருடைய மகளைக் கல்லிபதெய்ரா என்பார்கள். ஃபெரெனிகே என்றும் சொல்வார்கள். புருஷன் இறந்துவிட்டான். மகனைத் தானே பந்தயத்துக்குக் கூட்டிப் போனாள், ஆண் பயிற்சியாளர் வேஷத்தில். கல்யாணமான பெண் அங்கே அகப்பட்டால் மலையிலிருந்து தள்ளிவிடுவதுதான் சட்டம். மகன் ஜெயித்ததும் சந்தோஷத்தில் தடுப்பைத் தாண்டிக் குதித்தாள். உடை விலகிக் குட்டு வெளிப்பட்டது. அப்பா, அண்ணன் தம்பிகள், மகன் எல்லாரும் ஒலிம்பிக் வெற்றியாளர்கள் என்பதால் விட்டுவிட்டார்கள். அதற்குப் பிறகு பயிற்சியாளர்களும் துணியில்லாமல்தான் உள்ளே வர வேண்டும் என்று சட்டம் போட்டார்களாம்.

ராணி பெரியம்மா: இவள் கதை நன்றாக இருக்கிறது. இவள் பெயர் என்று நினைத்துக்கொள்கிறேன்.

சேவியர் அத்தான்: செங்கடலில் போகும்போது எகிப்துக் கரையில் ராஸ் பனாஸ் முனைக்குப் பக்கத்தில் பெரெனிகே என்று வரைபடத்தில் பார்த்திருக்கிறேன். அதுவும் இவர்கள்தானா மாமா?

அந்தோணி சித்தப்பா: ஆகா, விட்டுவிட்டேனே! இரண்டாம் தாலமி கி.மு. 275 வாக்கில் கட்டிய துறைமுகம். தன் அம்மா முதலாம் பெரெனிகேயின் பெயரை வைத்தான். போருக்கு யானை வேண்டியிருந்தது. ஆப்பிரிக்கக் கரையில் பிடித்துக் கப்பலில் ஏற்றி அங்கே இறக்கினார்கள். ரோமர் காலத்தில் நம் மிளகு போய் இறங்கிய இடமும் அதுதான். அங்கிருந்து ஒட்டகத்தில் பன்னிரண்டு நாள் பாலைவனம் தாண்டினால் நைல் கரையில் கோப்தோஸ். அப்புறம் ஆற்று வழியாக அலெக்சாந்திரியா. 1994 முதல் தோண்டுகிறார்கள். செராபிஸ் கோயிலில் இந்தியச் சாடி ஒன்றில் 7.5 கிலோ மிளகு அப்படியே கிடைத்தது. பானை ஓட்டில் தமிழ் பிராமி எழுத்து. கொற்றன் என்கிற நம் ஆள் ஒருவனின் பெயர்.

ஜெரால்டு அண்ணன்: கொற்றம் என்றாலும் வெற்றிதானே சித்தப்பா?

அந்தோணி சித்தப்பா: ஆமாம்டா. கொற்றவையும் அதே வேர். அசோகரின் 13ஆம் பாறைக் கட்டளையையும் பார். துரமாய, மகா என்று இரண்டு யவன அரசர்கள் வருகிறார்கள். முதலாம் பெரெனிகேயின் மகன்கள் தாலமியும் மாகஸும்தான் அவர்கள். அதே கட்டளையில் சோழரும் பாண்டியரும் இருக்கிறார்கள். இதை நான் வகுப்பில் எத்தனையோ தடவை நடத்தியிருக்கிறேன், இரண்டு பேருக்கும் ஒரே அம்மா என்பதை யாரும் கேட்டதில்லை.

ஸ்டெல்லா அத்தை: சரி, போதும். கேலி செய்கிற மாதிரி எதுவும் இல்லையே பெயரில்?

ஜெரால்டு அண்ணன்: ஒன்று இருக்கிறது. கிரேக்கத்தில் 'வெர்னீகி' என்றால் வார்னிஷ். பள்ளிக்கூடத்தில் கட்டாயம் கூப்பிடுவார்கள். நாங்கள் வீட்டில் நீகி என்கிறோம். பெயர்த் திருநாளை வெரோனிக்காவுக்குரிய ஜூலை 12இல் வைத்துக்கொள்ளலாம் என்றிருக்கிறோம்.

ராணி பெரியம்மா: ஜெரால்டு, நான் இப்போது நகைக்கடையில் இருக்கிறேன். சிலுவைச் சங்கிலியா, காப்பா?

ஜெரால்டு அண்ணன்: சிலுவை ஞானத்தாய் வாங்குவதுதான் இங்கே வழக்கம் அம்மா. காப்பு வாங்குங்கள்.

ராணி பெரியம்மா: பெயர் பொறிக்கச் சொல்லவா?

ஸ்டெல்லா அத்தை: வெரோனிக்கா என்றே பொறிக்கச் சொல்லுங்கள் மதினி.

ஜெரால்டு அண்ணன்: அத்தை!

ராணி பெரியம்மா: பிள்ளைக் கை, காப்பு சின்னது. நீகி என்று மட்டும் பொறிக்கச் சொல்லிவிட்டேன். பில்லும் போட்டாகிவிட்டது.

அந்தோணி சித்தப்பா: எத்தனை கிராம் மதினி?

ராணி பெரியம்மா: போன் போட்டுக் கேளுங்கள் தம்பி. குழுவில் வேண்டாம்.