கும்புவில் கேமரா தூக்கிய அனுபவம்

எவரெஸ்ட் ஏறப் போன ஒரு குழுவோடு உதவி ஒளிப்பதிவாளராகப் போயிருந்தேன். உச்சிக்கெல்லாம் இல்லை, இரண்டாம் முகாம் வரைக்கும்தான், சுமார் 6,400 மீட்டர். அந்த உயரத்துக்கே படம்பிடிக்கிற வேலை முழுக்க வேறு மாதிரி ஆகிவிடுகிறது.

குளிரை எதிர்பார்த்துத்தான் எல்லாரும் போவோம். அடிவார முகாமுக்கு மேலே பனியாறு உடைந்து சரிந்து இறங்குகிற கும்பு பனியருவியில் வெயில் பட்டால் பனிக்கட்டிகள் நெகிழ ஆரம்பிக்கும், அதற்குள் தாண்டிவிட வேண்டும் என்று நடுராத்திரிக்கு மேல் கிளம்புவார்கள். அந்த நேரத்தில் பேட்டரி பார்த்துக்கொண்டிருக்கும்போதே இறங்கும், முக்காலித் தலையில் உள்ள கிரீஸ் இறுகி, கேமராவைப் பக்கவாட்டில் திருப்பினால் திக்கித் திக்கித் திரும்பும். பேட்டரிகளை உள்சட்டைப் பையில் உடம்போடு ஒட்டி வைத்துக்கொள்வேன், ராத்திரி அவையும் என்னோடு தூக்கப்பைக்குள்தான் படுக்கும். கேமராவை மட்டும் உள்ளே கொண்டுவரக் கூடாது. கூடாரத்துக்குள் இருக்கிற ஈரம் முழுக்க லென்ஸில் படிந்து, வெளியே எடுத்ததும் உறைந்துவிடும். நான் எதிர்பார்க்காதது வெயிலைத்தான். பனியருவியைத் தாண்டியதும் வருகிற மேற்குப் பள்ளத்தாக்கில் காற்று நின்றுவிட்டால் சுற்றியுள்ள பனிச்சரிவுகள் வெயிலைத் திருப்பி அடித்து 30 டிகிரிக்கு மேல் காயும், அப்போது அதே கேமரா சூடாகி நின்றுபோகும், வெள்ளைத் துணி போர்த்தி நிழல் கொடுத்துத்தான் திரும்ப ஓட்ட வேண்டும்.

சரி, கருவியை எப்படியாவது சமாளித்துவிடலாம். ஏறுகிறவரின் முகம் தெரிய வேண்டுமென்றால் கேமரா அவருக்கு மேலே இருக்க வேண்டுமே, அதுதான் கஷ்டம். அவர் வருவதற்கு முன்னால் ஏறி, தடித்த கையுறையைக் கழற்றி, இரைக்கிற மூச்சைப் பிடித்துக்கொண்டு எடுக்க வேண்டும் (மூச்சு விட்டால் படம் ஆடும்), எடுத்து முடித்தால் அவர் நம்மைத் தாண்டிப் போயிருப்பார், மறுபடி அவரை முந்த வேண்டும். நான் இரண்டு ஷாட்டிலேயே உட்கார்ந்துவிடுவேன். எங்களோடு வந்த ஷெர்பா ஒருவர் முதுகில் கயிற்றுச் சுருளும் சுமந்துகொண்டு, சின்னக் கேமராவை என்னிடமிருந்து வாங்கிப் போய், சரிவுக்கு மேலே ஒரு காலை மடித்து ஊன்றி, முழங்கையைத் தொடையில் வைத்து எடுப்பார். துளி ஆட்டம் இருக்காது.

1996இல் மலையேறியும் படமெடுப்பவருமான டேவிட் பிரீஷியர்ஸின் குழு, ராட்சதத் திரைக்குப் படமெடுக்கும் ஐமேக்ஸ் கேமராவையே எவரெஸ்ட் உச்சிக்குக் கொண்டுபோனது. எடை குறைத்த பிறகும் அது சுமார் 19 கிலோ, ஒரு பிலிம் சுருள் ஓடுவது 90 விநாடி. சுமந்து போனவர்கள் ஷெர்பாக்கள். மே 10 புயலில் மற்றக் குழுக்கள் மேலே மாட்டிக்கொண்டபோது, உச்சிக்கு முந்தைய கடைசி முகாம் இருக்கும் தெற்குக் கணவாயில் பிரீஷியர்ஸ் குழுவினர் தங்களுக்கென்று சேர்த்து வைத்திருந்த ஆக்சிஜனை எடுத்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, படத்தை விட்டு மீட்புக்கு ஓடினார்கள். 23ஆம் தேதிதான் உச்சி ஏறினார்கள். அவர்கள் எடுத்த காட்சிகளைவிட அந்த முடிவின் மேல்தான் எனக்கு மரியாதை அதிகம்.

எங்கள் படத்திலும் கடைசியில் நின்றது பெரும்பாலும் அந்த ஷெர்பா எடுத்த ஷாட்கள்தான். படத்தில் வேலை செய்தவர்களின் பெயர்ப் பட்டியல் முதலில் தயாரானபோது அதில் அவர் பெயர் சுமை தூக்கியவர்களோடு இருந்தது. ஒளிப்பதிவு என்ற இடத்தில் வர வேண்டும் என்று கேட்டேன், மாற்றினார்கள். அடுத்து இப்படிப் போகிறவர்கள் ஒப்பந்தத்திலேயே இதை எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். எடிட்டிங் வரைக்கும் போய்விட்டால் எந்த ஷாட்டை யார் எடுத்தார் என்று சொல்ல அங்கே ஆள் இருக்காது.