குடும்பக் குழு: ஆர்.ஏ.எஃப். (தென்னாப்பிரிக்காவின் சாலை விபத்து நிதி) மனு குறித்து

டோங்காட் அத்தை: அண்ணா, பதினாறாம் நாள் காரியம் முடிந்துவிட்டதால் இப்போது கேட்கிறேன். லாரிக்காரன் குறுக்கே திரும்பினாலும் நம் பிள்ளையும் வேகமாகத்தான் வந்தான் என்று போலீஸ் எழுதியிருப்பதாலும், கோவிலில் தாலி கட்டியதோடு சரி, ஹோம் அஃபேர்ஸில் (உள்துறை அலுவலகத்தில்) கல்யாணத்தைப் பதியவில்லை என்பதாலும், விபத்து நிதியிலிருந்து ஒரு காசும் வராது என்று இங்கே எல்லோரும் சொல்கிறார்கள். இது உண்மையா?

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): இரண்டுமே தவறு, தங்கச்சி. வக்கீல் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்த காலத்தில் இந்த இரண்டு பேச்சையும் நம்பி மனுவே போடாமல் விட்ட குடும்பங்களைப் பார்த்திருக்கிறேன். இறந்தவருடைய பங்குத் தவறு அவரை நம்பி வாழ்ந்தவர்களின் இழப்பீட்டைக் குறைப்பதில்லை; லாரி ஓட்டுநர்மீது நூற்றில் ஒரு பங்கு தவறு இருப்பதை நிரூபித்தாலே மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் உரிமை வந்துவிடுகிறது. முழுத் தவறும் இறந்தவருடையதாக இருந்தால்தான் கதவு அடைபடும்.

லெனேஷியா அக்கா: கல்யாணப் பதிவு விஷயம் எப்படி, பெரியப்பா? இந்த ஊரில் பாதிப் பேர் அப்படித்தானே இருக்கிறோம்.

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): ஆமாம், ஐயர் முன்னால் தாலி கட்டிவிட்டால் எல்லாம் ஆயிற்று என்று நினைப்பது நம்மவர் வழக்கம். முஸ்லிம் முறையில் மட்டும் திருமணம் செய்துகொண்ட ஒரு விதவைக்கு, கணவர் அவரைக் காப்பாற்றும் கடமைப்பட்டவராக இருந்தார் என்பதால் இழப்பீடு கேட்க உரிமை உண்டு என்று உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் 1999-இல் ஆமோத் வழக்கில் தீர்ப்பளித்தது. இந்து முறைத் திருமணத்தில் வாழ்ந்த ஒரு விதவையைக் கணவரின் சொத்துக்கு வாரிசான மனைவியாகவே டர்பன் உயர் நீதிமன்றம் பிறகு ஏற்றுக்கொண்டது. ஆகவே கோவில் பதிவேட்டின் நகல், திருமணப் புகைப்படங்கள், திருமணம் செய்துவைத்த ஐயரின் உறுதிமொழிப் பத்திரம், இருவரும் ஒரே முகவரியில் வாழ்ந்ததற்கான தண்ணீர், மின்சார பில்கள் ஆகியவற்றை ஒரே உறையில் சேர்த்து வைக்க வேண்டும்.

அண்ணி: மாமா, அவர் போன பிறகு அவருக்கு விலை பேசுவதுபோல் இருக்கிறது. அவருடைய இன்ஷூரன்ஸ் பணமும் வரப்போகிறது; அது வந்தால் அந்தத் தொகையை இதிலிருந்து கழித்துவிடுவார்கள் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள்.

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): அம்மா, இந்த நிதி துக்கத்துக்கு விலை தருவதே இல்லை. அவன் உயிரோடு இருந்திருந்தால் உனக்கும் பிள்ளைகளுக்கும் செலவழித்திருக்கக்கூடிய வருமானத்தைத்தான் கணக்கிட்டுத் தருகிறது. அந்த வருமானக் கணக்குக்கு ஆண்டு உச்சவரம்பும் உண்டு. நாம் பெட்ரோல் போடும்போதெல்லாம் லிட்டருக்கு 2 ராண்டுக்கு மேல் இந்த நிதிக்குத்தான் போகிறது, அவனும் அதைக் கட்டிக்கொண்டுதான் இருந்தான். இன்ஷூரன்ஸ், பென்ஷன் பணத்தை இதிலிருந்து கழிக்கக்கூடாது என்று 1969-ஆம் ஆண்டுச் சட்டமே சொல்கிறது. உங்கள் அத்தையம்மாவும் அவன் சம்பாத்தியத்தில்தான் வாழ்ந்தார்கள் என்று காட்ட முடிந்தால், தாயாகத் தனியே கேட்கலாம்.

நான்: பெரியப்பா, கிளேர் எஸ்டேட் சுடுகாட்டில் தகனச் செலவை நான் கட்டினேன், ரசீது என் பெயரில் இருக்கிறது. பதினாறாம் நாள் சாப்பாட்டுக் கணக்கையும் சேர்க்கலாமா?

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): சாப்பாட்டுக்கும் பூவுக்கும் தரமாட்டார்கள், தம்பி. தகனத்துக்கு அல்லது அடக்கத்துக்கு உண்மையில் ஆன, தேவையான செலவை மட்டும், ரசீது இருந்தால், கட்டியவருக்குத் தருவார்கள். லாரியின் எண் தெரிந்திருப்பதால் விபத்து நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் மனுவைச் சேர்க்க வேண்டும். இடித்துவிட்டு ஓடிப்போன வண்டியாக இருந்திருந்தால் இரண்டே ஆண்டுகள், சிறு பிள்ளைகளுக்குக்கூட அதில் சலுகை கிடையாது. மனுவைச் சேர்த்து 120 நாள் கழியும்வரை வழக்குப் போட முடியாது, விபத்து நாளிலிருந்து ஐந்து ஆண்டுகள் தாண்டினால் வழக்கே இல்லை.

லெனேஷியா அக்கா: வக்கீல் கட்டாயமா?

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): இல்லை, டர்பன் அலுவலகத்தில் நேரடியாகவே கொடுக்கலாம். ஆனால் தவறு யாருடையது என்ற சண்டை இருக்கும் வழக்கில் நல்ல வக்கீல் வைத்துக்கொள்வதையே நான் விரும்புவேன். ஜெயித்தால் மட்டும் கட்டணம் என்ற ஒப்பந்தத்தில், 1997 சட்டப்படி, அவருடைய வழக்கமான கட்டணத்தைப்போல் இரு மடங்கு, கிடைக்கும் தொகையில் கால் பங்கு ஆகிய இரண்டில் எது குறைவோ அதற்குமேல் கேட்கக்கூடாது.

அண்ணி: மாமா, சாவு வீட்டுக்கு வந்த ஓர் ஆள் வக்கீலிடமிருந்து வருவதாகச் சொல்லி என்னிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். அந்த நிலையில் நான் எதையும் படிக்கவில்லை. நகலைப் படம் எடுத்து இப்போது அனுப்புகிறேன்.

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): பார்த்தேன். வக்கீல் கட்டணச் சதவீதம் எழுத வேண்டிய இடம் வெறுமையாக இருக்கிறது, தேதியும் இல்லை. சாவு வீட்டில் ஆள் பிடிக்க வரும் எவரிடமும் இந்த வழக்கைக் கொடுக்க நான் சம்மதிக்கமாட்டேன். வழக்கை நடத்த அந்தத் தாளில் கொடுத்த அதிகாரத்தை ரத்து செய்கிறேன் என்று நீ எழுத வேண்டிய கடிதத்தை இன்றிரவே எழுதித் தருகிறேன், நாளை பதிவுத் தபாலில் அனுப்பிவிடு.

நான்: நாளைக் காலையில் போலீஸ் நிலையத்துக்குப் போய் விபத்து அறிக்கையும் வழக்கு எண்ணும் கேட்கிறேன்.

பெரியப்பா (சாட்ஸ்வொர்த்): பிரேதப் பரிசோதனை அறிக்கையையும் கேள். அதோடு, லாரி ஓட்டுநர் என்ன சொன்னார் என்று அங்கே யாராவது எழுதி வைத்திருக்கிறார்களா என்று பார்த்து வா, நமக்கு வேண்டிய அந்த ஒரு பங்கு அதில்தான் இருக்கும்.