மேலவீதி சொந்தங்கள்: ஹிஸ்டரி அழிச்சும் போகலை

சுந்தரம் மாமா, 7:12
ஹால் கம்ப்யூட்டர்ல குரோம் ஹிஸ்டரி அழிச்சாச்சு. ஆனா கூகுள்ல "மூ"ன்னு அடிச்சதும் மூட்டு வலி தைலம், மூலம் குணமாகன்னு பழசெல்லாம் வரிசையா வந்து நிக்குது. அப்புறம் அழிச்சு என்ன பிரயோஜனம்?

கவிதா, 7:14
மாமா, அந்த வரிக்கு முன்னாடி கடிகாரம் மாதிரி படம் இருக்கா, பூதக்கண்ணாடியா?

சுந்தரம் மாமா, 7:15
கடிகாரம்

கவிதா, 7:15
பக்கத்துல வலது மேல் மூலையில உங்க போட்டோ?

சுந்தரம் மாமா, 7:16
இருக்கு

கவிதா, 7:17
அப்போ அது கூகுள் அக்கவுண்ட்ல இருந்து வருது. நீங்க அழிச்சது கம்ப்யூட்டர்ல இருந்த காப்பியை மட்டும். அக்கவுண்ட்ல இருக்கிறது கூகுளோட சர்வர்ல கிடக்கு, அதைத் தனியா அழிக்கணும்.

பிரபு, 7:21
மாமா, முதல்ல குரோம்லயே முழுசா போச்சான்னு பாத்துடுங்க. கன்ட்ரோல் + எச் அழுத்துங்க. பட்டியல் காலியா?

சுந்தரம் மாமா, 7:23
இல்லையேப்பா, நேத்து முந்தாநேத்து எல்லாம் இருக்கு

பிரபு, 7:25
நினைச்சேன். கன்ட்ரோல் + ஷிப்ட் + டெலீட் அழுத்தினா வர்ற பெட்டியில மேல டைம் ரேஞ்ச்னு ஒண்ணு இருக்கும். அது பெரும்பாலும் "லாஸ்ட் ஹவர்"லதான் நிக்கும். அதைப் பாக்காம டெலீட் கொடுத்தா கடைசி ஒரு மணி நேரத்துது மட்டும்தான் போகும். "ஆல் டைம்" மாத்திட்டு கொடுங்க. நீங்க எதுவுமே செய்யலைனாலும் குரோம் ஹிஸ்டரி பக்கத்துல 90 நாள் வரைக்கும்தான் இருக்கும்.

சாந்தி அத்தை, 7:26
பிரபு, அதுல கரண்ட் பில் கட்டுற பாஸ்வேர்டெல்லாம் போயிடுமா? இவர் பாட்டுக்கு எல்லாத்தையும் டிக் பண்ணிடுவார்

பிரபு, 7:29
நல்ல வேளை கேட்டீங்க அத்தை. பிரவுசிங் ஹிஸ்டரிக்கு மட்டும் டிக். பாஸ்வேர்ட்ஸ், ஆட்டோஃபில்னு தெரிஞ்சா அதுல டிக் இருக்கவே கூடாது. சிங்க், அதாவது ஒரே அக்கவுண்ட்ல கம்ப்யூட்டரையும் போனையும் இணைச்சு வைக்கிறது, போட்டிருந்தா இங்க அழிக்கிறது மாமா போன்லயும் அழியும், பாஸ்வேர்டும் சேர்த்துதான். குக்கீஸ் டிக் பண்ணினா பாஸ்வேர்ட் போகாது, ஆனா ஒவ்வொரு சைட்லயும் திரும்ப லாகின் பண்ணணும்.

கவிதா, 7:31
ஒண்ணு ரெண்டு மட்டும் எடுக்கணும்னா இவ்வளவு வேண்டாம். மேல அட்ரஸ் பார்ல அடிக்கும்போது வர்ற வரிக்கு கீழ்அம்புக்குறியால போய் நின்னு ஷிப்ட் + டெலீட். அந்த வரி மட்டும் போயிடும்.

சுந்தரம் மாமா, 7:33
சரி ஆல் டைம் கொடுத்தாச்சு. அக்கவுண்ட்ல இருக்கிறது?

கவிதா, 7:37
மைஆக்டிவிட்டி டாட் கூகுள் டாட் காம் போங்க. "வெப் அண்ட் ஆப் ஆக்டிவிட்டி"ன்னு இருக்கும், அதுக்குள்ள டெலீட் > ஆல் டைம். இதுல போன்ல தேடினதும் சேர்ந்தே போகும், ரெண்டும் ஒரே அக்கவுண்ட்.
அழிச்சதும் வெளிய வந்துடாதீங்க. அதே பக்கத்துல "ஆட்டோ டெலீட்" இருக்கு. 3 மாசம், 18 மாசம், 36 மாசம்னு கேக்கும், 3 வைங்க. 2020 ஜூனுக்கு அப்புறம் புதுசா தொடங்கின அக்கவுண்ட்னா 18 மாசம் தானா அமைஞ்சிருக்கும். உங்களோடது அதுக்கும் பழசு, நீங்க வைக்காத வரைக்கும் ஒண்ணும் அழியாது.

பிரபு, 7:39
சேமிக்கவே வேண்டாம்னா "டர்ன் ஆஃப்". அது இனிமே வர்றதைத்தான் நிறுத்தும். பழசும் போகணும்னா "டர்ன் ஆஃப் அண்ட் டெலீட் ஆக்டிவிட்டி".

சுந்தரம் மாமா, 7:41
இவ்வளவு மெனக்கெடணுமா? மூட்டு வலின்னு தேடினதை வச்சு எவன் என்ன பண்ணப் போறான்

பிரபு, 7:46
ஒரு வரியை வச்சு ஒண்ணும் பண்ண முடியாது மாமா. மொத்தமா சேரும்போதுதான் வினை. 2006ல அமெரிக்காவுல ஏஓஎல் கம்பெனி சுமார் 6.5 லட்சம் பேர் 3 மாசம் தேடினதை ஆராய்ச்சிக்குன்னு வெளியிட்டுச்சு. பேரை எடுத்துட்டு ஆளுக்கொரு நம்பர் கொடுத்திருந்தாங்க. கொஞ்ச நாள்லயே பத்திரிகைக்காரங்க ஒரு நம்பரோட தேடலை மட்டும் படிச்சுட்டு அந்தம்மா வீட்டு வாசலுக்கே போயிட்டாங்க. ஊர்ப் பேரு, சொந்தக்காரங்க குடும்பப் பேரு, வியாதின்னு எல்லாம் அதுலயே இருந்துச்சு.

சாந்தி அத்தை, 7:48
பசங்க இன்காக்னிடோன்னு கறுப்பா ஒண்ணு திறப்பாங்களே, அதுலயே தேடிட்டா?

கவிதா, 7:52
கன்ட்ரோல் + ஷிப்ட் + என். நல்லதுதான் அத்தை, ஆனா அது இந்தக் கம்ப்யூட்டர்ல தடம் விடாம பாத்துக்கும், அவ்வளவுதான். டவுன்லோட் பண்ணின ஃபைல் ஃபோல்டர்லயே கிடக்கும். உள்ள போய் கூகுள்ல லாகின் பண்ணிட்டு தேடினா அக்கவுண்ட்ல ஏறிடும். ஒரு ஜன்னலை மூடிட்டு இன்னொண்ணைத் திறந்து வச்சிருந்தாலும் லாகின் அப்படியே இருக்கும், எல்லாத்தையும் மூடணும். நெட் கொடுக்கிற கம்பெனிக்கு எந்த சைட்டுக்குப் போனீங்கன்னு தெரியும், அங்க என்ன வார்த்தை அடிச்சீங்கன்னு தெரியாது.

பிரபு, 7:54
இன்காக்னிடோல இருந்தாலும் கூகுள் தகவல் சேகரிக்குதுன்னு கூகுள் மேல 2020ல கேஸே போட்டாங்க. 2024ல சமரசம் ஆகி, பழைய டேட்டாவை அழிக்க ஒத்துக்கிட்டாங்க. இன்காக்னிடோ முதல் பக்கத்துல இருக்கிற எச்சரிக்கை வாசகத்தையும் மாத்தினாங்க.

சுந்தரம் மாமா, 7:56
ஸ்டார்ட் பட்டன் பக்கத்துல தேடுற இடத்துலயும் பழசு காட்டுதே

பிரபு, 8:01
அது விண்டோஸோட கணக்கு. விண்டோஸ் 11னா செட்டிங்ஸ் > பிரைவசி அண்ட் செக்யூரிட்டி > சர்ச். அங்க ஹிஸ்டரியை கிளியர் பண்ணிட்டு சுவிட்சையும் ஆஃப் பண்ணுங்க. சமீபத்துல திறந்த ஃபைல் தெரியக்கூடாதுன்னா ஃபைல் எக்ஸ்ப்ளோரர்ல மூணு புள்ளி > ஆப்ஷன்ஸ் > பிரைவசி > கிளியர்.
ஆனா என்னைக் கேட்டா, நாலு பேர் ஒரே லாகின்ல உக்காரும்போது அழிச்சு மாளாது. ஆளுக்கொரு விண்டோஸ் யூசர் போடுங்க. செட்டிங்ஸ் > அக்கவுண்ட்ஸ் > அதர் யூசர்ஸ் > ஆட் அக்கவுண்ட். பாஸ்வேர்ட் கட்டாயம் வைங்க. எழுந்து போகும்போது விண்டோஸ் கீ + எல்.

கவிதா, 8:03
குரோம்லயே தனித்தனி புரொஃபைல் போட்டா போதாதா அண்ணா?

பிரபு, 8:05
போதாது. குரோம் புரொஃபைலுக்குப் பூட்டு கிடையாது, படத்தைத் தொட்டா யார் வேணா உள்ள போகலாம். விண்டோஸ் யூசர்லயும் அட்மின், அதாவது கம்ப்யூட்டர்ல முழு அதிகாரம் உள்ளவர், ஒருத்தர் மட்டும் இருக்கட்டும், அட்மினுக்கு மத்தவங்க ஃபோல்டரைத் திறக்க வழி இருக்கு. அட்மின் மாமாவா அத்தையான்னு நீங்களே பேசி முடிவு பண்ணிக்கங்க 😄

சுந்தரம் மாமா, 8:14
கவிதாம்மா, கடிகாரம் போயிடுச்சு. யூடியூப்ல மட்டும் இன்னும் தைலம் வீடியோவா வருது

கவிதா, 8:16
யூடியூப் ஹிஸ்டரி தனி மாமா. அதே மைஆக்டிவிட்டியில "வெப் அண்ட் ஆப் ஆக்டிவிட்டி"க்குப் பக்கத்துலயே இருக்கும். அங்கேயும் டெலீட், ஆட்டோ டெலீட்.

சுந்தரம் மாமா, 8:22
ஆச்சு. இப்போ "மூ" அடிச்சா மூக்குத்தி விலைன்னு வருது. நான் தேடவே இல்லையே

கவிதா, 8:22
பூதக்கண்ணாடி படமா?

சுந்தரம் மாமா, 8:23
ஆமா

கவிதா, 8:23
அது ஊர்ல எல்லாரும் தேடுறது மாமா, உங்களோடது இல்ல

சாந்தி அத்தை, 8:24
அதைத் தொட்டுப் பாருங்க, விலை என்ன போட்டிருக்கான்னு