எச்எம்எஸ் வாரியர் மாதிரி செய்கிறேன், பின்பக்கப் படம் வேண்டும்

வணக்கம். ஆறு மாதமாக வாரியர் கப்பலை மரத்தில் செய்துகொண்டிருக்கிறேன். 1860 டிசம்பரில் தேம்ஸ் ஆற்றில் இறங்கிய பிரிட்டிஷ் போர்க்கப்பல். நாலரை அங்குல இரும்புத் தகடு, அதற்குப் பின்னால் 18 அங்குலத் தேக்கு. பாயும் உண்டு, நீராவி எந்திரமும் உண்டு.

என் சிக்கல் ப்ரொபெல்லரில்தான். பாய் விரித்து ஓடும்போது அது தண்ணீரில் இழுபடாமல் இருக்க, கப்பி போட்டு மேலே தூக்கிவிடுவார்கள். கயிறு பிடிக்க 600 பேர் வரை வேண்டுமாம்! இரண்டு புகைபோக்கிகளையும் கீழே இறக்கலாம். அதைக் குழாய்க்குள் குழாய் சொருகி ஒப்பேற்றிவிட்டேன், அழகாக இறங்குகிறது. ஆனால் ப்ரொபெல்லர் ஏறி வரும் பின்பக்கக் கூண்டு மட்டும் பிடிபடவில்லை.

இங்கிலாந்தின் போர்ட்ஸ்மத் துறைமுகம் போய்ப் பார்த்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா? 1987 முதல் கப்பல் அங்கேதான் நிற்கிறது. பின்தளத்தை மேலிருந்து எடுத்த படம் இருந்தால் போடுங்கள்.

அப்புறம், எந்த ஆண்டுத் தோற்றத்தில் முடிப்பது? 1864-67இல் பீரங்கிகளை மாற்றினார்கள். 1868இல் ராயல் ஓக் கப்பலோடு மோதி முகப்புச் சிற்பத்தை இழந்தது. எனக்கு 1861தான் பிடித்திருக்கிறது. புதுக்கருக்கு கலையாத கோலம். ஒரு போரிலும் சுடாத இந்தக் கப்பல், 1929இலிருந்து ஐம்பது ஆண்டு வேல்ஸின் பெம்ப்ரோக்கில் எண்ணெய்க் கப்பல்களுக்கு மிதக்கும் துறையாகக் கிடந்தது. அதை நினைத்தால் மனசு கேட்கவில்லை. மாதிரி செய்து பழகியவர்கள் கருத்துச் சொல்லுங்கள்.