ஜெல் வேறு, ஜெலட்டின் வேறு: களி, ஊன்பசை

வணக்கம்.

ஜெல், ஜெலட்டின் என்னும் அறிவியற் சொற்களுக்குத் தமிழ்ச்சொல் தேடி நாம் கடிதங்களில் உரையாடி வருகிறோம். இரண்டுக்கும் ‘கூழ்மம்’ என்பதிலிருந்தே சொற்களை ஆக்கலாம் என்று குடந்தை நண்பர் எழுதியிருந்தார். கூழ்மம் என்னும் சொல் பள்ளிப் பாடநூல்களில் கொலாய்டுக்கு (ஒரு பொருளில் இன்னொன்றின் நுண்துகள்கள் பரவி நிற்கும் கலவைக்கு) நிலைபெற்றுவிட்டது. அதைவிட முக்கியமாக, ஜெல் என்பது ஒரு நிலை. ஜெலட்டின் என்பது ஒரு பொருள், விலங்குகளின் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கும் புரதம். ஆங்கிலத்தில் இரண்டும் ஒலியால் நெருங்கி நிற்பதால் விளையும் குழப்பத்தை நாமும் விலைகொடுத்து வாங்க வேண்டியதில்லை.

அந்தக் குழப்பம் ஏற்கெனவே நம்மிடையே உள்ளது. ‘ஜெலட்டின் குச்சிகள் பறிமுதல்’ என்று நாளிதழ்களில் படிக்கிறோம். ஆனால் 1875-இல் நோபல் உருவாக்கிய வெடிஜெலட்டின், நைட்ரோகிளிசரினில் நைட்ரோசெல்லுலோசைக் கரைத்து இறுகச் செய்ததே தவிர, அதில் தோலும் இல்லை, எலும்பும் இல்லை. தஞ்சாவூர்க் கடைகளில் ‘ஜெலட்டின் பேப்பர்’ என்று கேட்டு வாங்கும் வண்ணத்தாளும் பெரும்பாலும் செலோபேன் அல்லது பிளாஸ்டிக்தான்.

ஆகவே நிலைக்குக் ‘களி’ என்பதே போதும் என்பது என் கருத்து. நீண்ட மூலக்கூறுகளோ நுண்துகள்களோ ஒன்றோடொன்று பிணைந்து வலையாகி, தம்மைவிடப் பன்மடங்கு நீரைத் தம்முள் பிடித்து நிறுத்துவதே ஜெல். களி என்றதும் மாணவருக்குத் திருவாதிரைதான் நினைவுக்கு வரும் என்ற மறுப்பு எனக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. நம் வயலில் உள்ள களிமண்ணையும் அதே சொல்லால்தானே அழைக்கிறோம்? பென்டொனைட் என்னும் களிமண் நீரில் கலந்து அசையாமல் விட்டால் இறுகுகிறது, கலக்கினால் நெகிழ்கிறது. ஜெல்லாகும் வினைக்கு ‘இறுகுதல்’ என்றே கொள்ளலாம். தயிர் உறைவதைக் காட்டி ‘உறைதல்’ கேட்டவர்களின் வாதம் அழகானதுதான், தயிரும் ஒரு புரதக் களியே. ஆனால் அதே ஆய்வகத்தில் நீர் பனிக்கட்டியாவதற்கும் அச்சொல்லையே ஆள வேண்டியிருக்கிறது.

பொருளுக்கு ‘ஊன்பசை’ என்னும் சொல்லையே ஆதரிக்கிறேன். தச்சர்கள் காய்ச்சும் வச்சிரப் பசையை மன்னார்குடி அம்மையார் நினைவூட்டியது பொருத்தமே, இரண்டும் தோலிலும் எலும்பிலும் உள்ள கொலாஜன் என்னும் புரதத்திலிருந்து வருபவை. எனினும் தூய்மைப்படுத்தாத அந்தப் பசைக்கே அச்சொல்லை விட்டுவைக்கலாம். ஊன்பசை என்றால், அது விலங்குப் புரதம் என்பது சொல்லிலேயே தெரிந்துவிடும். நுண்ணுயிரியலாளர் ராபர்ட் கோக்கின் ஆய்வகத்தில் அதன்மேல் நுண்ணுயிர்களை வளர்த்தபோது இரண்டு இடர்கள் இருந்தன: சில பாக்டீரியாக்கள் அதைச் செரித்து நீராக்கின, நுண்ணுயிர் வளர்க்கும் 37 பாகை செல்சியசில் அது தானே உருகியது. சித்திரை, வைகாசியில் நம் ஊர்க் கல்லூரி ஆய்வகத்தில் அடைகாப்புப் பெட்டிக்கு (இன்குபேட்டருக்கு) வெளியிலேயே உருகிவிடும். 1881 அளவில் ஃபேனி ஹெஸ்ஸே, கோக்கின் ஆய்வகத்தில் பணியாற்றிய தம் கணவருக்குச் சொன்ன மாற்று, கடற்பாசியிலிருந்து எடுக்கும் அகர். அது 85 பாகை அளவில் உருகி, 40-க்குக் கீழ் வந்த பின்னரே இறுகும். நாகூரிலும் அதிராம்பட்டினத்திலும் நோன்பு திறக்கக் கடற்பாசி காய்ச்சுவோர் இதை நாள்தோறும் காண்கிறார்கள். ‘அகர்’ அப்படியே இருக்கட்டும்.

ஒளிப்படத்துறையினர் ஊன்பசையை ஏற்பார்களா என்பது நியாயமான கேள்வி. 1871-இல் ஆங்கில மருத்துவர் மேடாக்ஸ், ஒளிபட்டால் மாறும் வெள்ளி புரோமைடை அதில் கலந்து கண்ணாடித் தட்டில் பூசிக்காட்டியபோது, அது வெறும் ஒட்டும் பொருளாக மட்டும் அங்கே இல்லை. குளிர்ந்த நீரில் கரையாமல் உப்பி, படத்தைத் துலக்கும் டெவலப்பர் கரைசலை உள்ளே விட்டு, வெள்ளித் துகள்களை இடம்பெயராமல் காத்தது. அதிலுள்ள மிகச்சிறு அளவு கந்தகச் சேர்மங்கள் ஒளியுணர்வைக் கூட்டுகின்றன என்பதைக் கோடாக் நிறுவனத்தின் ஷெப்பர்டு 1925-இல் வெளியிட்டார். வெப்பநாட்டில் பூச்சு நெகிழ்ந்து உரியாமலிருக்கப் படிகாரக் கரைசலில் முக்கி அதைக் கெட்டிப்படுத்துவதும் உண்டு. இத்தனை பண்புகளும் அப்புரதத்துக்கு உரியவை, எனவே ‘ஊன்’ என்பது இங்கும் பொருந்துகிறது. அந்தப் பூச்சைப் ‘பால்மம்’ (எமல்ஷன்) என்று மட்டும் எழுத வேண்டாம். அது நீர்மத்தில் மிதக்கும் நீர்மமன்று.

கூட்டுச்சொற்களில், ஆய்வகங்களில் மூலக்கூறுகளைப் பிரிக்கப் பயன்படும் ‘அகரோசுக் களி’, ‘பாலியக்ரிலமைடுக் களி’ ஆகியவற்றில் சிக்கலில்லை. பின்னது ஒருமுறை இறுகினால் சூட்டில் உருகாது என்பதை அடைமொழியின்றிப் பாடத்தில் விளக்கினால் போதும். கேமராப் பெட்டியில் ஈரத்துக்காக இடும் சிலிக்கா ஜெல் மணிகள் மட்டும் இடறுகின்றன: களியாக உருவானபின் நீர் முழுதும் வெளியேற, நுண்துளைகள் மட்டும் எஞ்சியவை அவை. அவற்றுக்குச் ‘சிலிக்கா உலர்களி’ என்று முன்மொழிகிறேன். மறுப்பிருப்பின் மாற்றுச் சொல்லோடு எழுதுங்கள்.