மட்லர் மின்னோ: மான் முடி சுழலவே இல்லை, தலையும் மிதக்குது. நிப்பிகான் ஆற்றுக்கு எப்படிக் கட்டுறது?

ஸ்கார்பரோத்_தூண்டில்:

வணக்கம். ஜூன் கடைசியில கனடா ஒன்டாரியோவில இருக்கிற நிப்பிகான் ஆத்துக்கு ப்ரூக் ட்ரவுட் மீன் பிடிக்கப் போறம். ஒரு டசின் மட்லர் மின்னோ கட்டோணும், அதாவது முள்ளில முடி, இறகு கட்டிச் செய்யிற மீன் போலி (ஃபிளை). வூலி பகர், நிம்ஃப் மாதிரி வேற ஃபிளை எல்லாம் கட்ட வரும். மான் முடி இதுதான் முதல் தரம்.

முள்ளு மஸ்டாட் 9672, 4ஆம் நம்பர். நூல் 6/0. முடி, வெறும் "மான் முடி" எண்டு எழுதின பக்கெட். முடியை வைச்சு ரெண்டு சுத்துச் சுத்தி இழுத்தா அது முள்ளின்ரை தண்டைச் சுத்தி வராமல் மேல்பக்கத்திலேயே குவிஞ்சு நிக்குது. இன்னும் இறுக்கினா நூல் அறுந்து போகுது. ஒருமாதிரிக் கட்டி முடிச்ச ரெண்டையும் வாளித் தண்ணியில போட்டுப் பாத்தா தக்கை மாதிரி மிதக்குது. அடியில போகவேண்டிய சாமான் எல்லோ? எங்க பிழை விடுறன்?

சிலிர்முடி:

ப்ரோ, முடி, நூல், தண்டு மூணுலயும் கோளாறு இருக்கு.

முடியில ஆரம்பிப்போம். மானோட உடம்பு முடிக்குள்ள காத்து அறைகள் இருக்கு. நூல் இறுகுற இடத்துல அது நசுங்கும், மறுமுனை சிலிர்த்து எழும். வால் முடியும் கால் முடியும் அந்த அளவுக்கு எழாது. உங்க பாக்கெட்ல எது இருக்குன்னு தெரிஞ்சுக்க, ஒரு பத்து முடியை எடுத்து வெறும் முள்ளுல ஒரு சுத்து போட்டு இறுக்குங்க. செங்குத்தா நிமிர்ந்து நின்னா தலைக்கு ஆகும். சாஞ்சு படுத்துக்கிட்டா எத்தனை இறுக்கினாலும் சுழலாது. வேற பாக்கெட் வாங்குறதுதான் வழி, தொப்பை இல்லனா பின்பக்க முடின்னு கேட்டு வாங்குங்க.

நல்ல முடியா இருந்தாலும் அடியில இருக்கிற பஞ்சை எடுக்காம வச்சா சுழலாது. அந்தப் பஞ்சு நூலுக்கும் முடிக்கும் நடுவுல மெத்தை மாதிரி உக்காந்துடும். இதுக்குத் தனிக் கருவி எதுவும் வேண்டாம், வீட்டுல இருக்கிற பேன்சீப்பு போதும். வெட்டின பக்கத்துலேர்ந்து நாலஞ்சு தடவை சீவுங்க.

6/0 நூல் இந்த வேலைக்கு ஆகாது. வால், உடம்பு, சிறகு வரைக்கும் அதுலயே கட்டி முடிச்சுப் போட்டுட்டு, தலைக்கு 210 டெனியர் (நூல் பருமன் அளவு) தட்டை நைலான் நூலுக்கு மாறுங்க. 100 டெனியர் ஜிஎஸ்பி (ஜெல்-ஸ்பன் பாலிஎத்திலீன்) நூலும் ஆகும். ஜிஎஸ்பி கையால இழுத்து அறுக்க முடியாத நூல், ஆனா வழுக்கும், மெழுகு தேய்க்கணும். வெடுக்குன்னு இழுத்தா நூலுக்கு ஒண்ணும் ஆகாது, முடிதான் வெட்டுப்பட்டுக் கொட்டும்.

அடுத்தது தண்டு. நீங்க முள் காது (நரம்பு கோக்கிற ஓட்டை) வரைக்கும் நூல் அடித்தளம் போட்டிருப்பீங்கன்னு நினைக்கிறேன். சின்ன நிம்ஃப் கட்டின கைக்கு அது பழக்கமாயிடும். நூல் மேல முடி பிடிச்சுக்கும், வெறும் கம்பி மேலதான் சுழலும். தண்டோட முன் மூணுல ஒரு பங்கு பளபளன்னு காலியா இருக்கணும். ஜரிகை உடம்பும் அணில் முடியும் வான்கோழிச் சிறகும் அதுக்குப் பின்னாடியே முடியணும்.

முதல் கொத்து: அமுக்கிப் பிடிச்சா ரெண்டு மூணு தீக்குச்சி சேர்ந்த தடிமன். நுனிகளை ஒண்ணாத் தட்டி அடுக்கிக்கோங்க, இதுதான் காலர், தலைக்குப் பின்னாடி விரிஞ்சு நிக்கிற முடி வளையம். நுனி பின்பக்கம் பார்த்தபடி, சிறகுல பாதி வரைக்கும் போகணும். சிறகு கட்டின இடத்துக்கு ஒட்டி முன்னாடி, வெறும் தண்டுல வச்சு ரெண்டு சுத்து, சும்மா தொட்டாப்புல போடுங்க. இப்ப நூலை உங்க பக்கமா நிதானமா இழுங்க. முடி நகர ஆரம்பிச்சதும் விரல் பிடியை விடுங்க. நீங்க பிடிச்சுக்கிட்டே இருக்கிறதாலதான் மேல குவியுது. முடி ஓடும்போதே அதே இடத்துல மூணாவது சுத்து. அப்புறம் முடிக்கு நடுவுல நெளிச்சு நெளிச்சு நூலை முன்னாடி கொண்டு வாங்க.

ரெண்டாவது கொத்துக்கு நுனியை வெட்டிடுங்க. அதே மாதிரி சுழல விட்டு, காலியான பால்பாயின்ட் பேனாக் குழலை முன்னாடிலேர்ந்து மாட்டிப் பின்னாடி தள்ளுங்க. இடது கை பெருவிரலும் ஆள்காட்டி விரலும் பின்பக்கம் அணை கொடுக்கணும், இல்லனா தள்ளுற வேகத்துல காலர் சிறகு மேல ஏறிடும். காதுக்குப் பின்னாடி 2 மி.மீ. விட்டுடுங்க.

வெட்ட கத்தரிக்கோலை விட, பேப்பரோட சேர்த்து நீளவாட்டுல ரெண்டா ஒடிச்ச ஷேவிங் பிளேடு மேல். முதல்ல அடிப்பக்கம், தண்டை ஒட்டித் தட்டையா. அங்க முடி மிஞ்சினா முள் வாய் அடைஞ்சு மீன் கொத்தினாலும் மாட்டாது. அப்புறம் ரெண்டு பக்கம், கடைசியா மேல்.

வடகரை_மணி:

தம்பி, சிலிர்முடி சொன்ன கட்டு முறை சரி. ஆனா ரெண்டாவது கொத்தை வைச்சுக் குழலால நெருக்கிறது நிப்பிகானுக்குத் தேவையில்லாத வேலை. உங்கட தக்கைக்குக் காரணமும் அந்த முழுத் தலைதான்.

மட்லர் பிறந்ததே அந்த ஆத்திலதான். டான் கேப்பன் 1930களில அங்கத்தைய ஸ்கல்பின் மீனுக்குப் போலியாக் கட்டினது. அவர் கட்டின தலை ஐதாக, கரடுமுரடா இருந்தது. உருண்டையாச் செதுக்கின இறுக்கத் தலை பிறகு மொன்டானாவில டான் பெய்லி பரப்பின வடிவம். பாக்க அழகுதான், மறுக்கேல்லை. ஆனா ஸ்கல்பினுக்கு நீச்சல் பை இல்லை. கல்லுக்குக் கீழ கிடந்து, அடியோட அடியா ரெண்டு முழம் பாஞ்சு திரும்பவும் கல்லுக்குள்ள பூரும். அதுக்குப் போலி மிதக்கலாமோ?

ஒரு கொத்தில காலர், அதின்ரை அடிக்கட்டையை முன்னுக்கு மடிச்சு விட்டாலே பாதித் தலை வந்திடும். அதுக்கு முன்னால அரைக் கொத்து, நெருக்கத் தேவையில்லை. கண் மட்டத்துக்குத் தூக்கிப் பாத்தா முடிக்கு நடுவால வெளிச்சம் தெரியோணும். எறிய முதல் தண்ணிக்குள்ள பிடிச்சு, குமிழி வாறது நிக்கும் வரைக்கும் பிசையுங்கோ. இதைச் செய்யாட்டி முதல் பத்து எறியும் வீண்.

ஃபிளைக்குள்ள பாரம் வைக்கிறது எனக்கு உவப்பில்லை. வைக்கிறதெண்டால் 0.5 மி.மீ. ஈயமில்லாக் கம்பி, ஜரிகைக்குக் கீழ 10-12 சுத்து. தலை வாற இடத்துக்கு அதைக் கொண்டு வராதேங்கோ. நல்லது, பாரத்தை லைனுக்குக் குடுக்கிறது. 9 அடி ரொட் (தூண்டில் தடி), 7 அல்லது 8 வெயிட் லைனுக்கு ஏத்தது. செக்கனுக்கு 15-18 செ.மீ. தாழுற டைப் 6 நுனி லைன். லீடர் (லைன் நுனிக்கும் ஃபிளைக்கும் நடுவில கட்டுற மெல்லிய நரம்பு) 1.2 மீட்டருக்கு மேல வேண்டாம், 10-12 இறாத்தல் ஃபுளோரோகார்பன். மிதக்கிற லைனுக்குப் போடுற 9 அடி லீடரையே இதிலயும் போட்டால் லைன் அடியில கிடக்கும், ஃபிளை ஒரு ஆள் உயரத்துக்கு மேல மிதந்து வரும். "லைன் கல்லில தட்டுது, மீன் இல்லை" எண்டு சொல்லுறவையில கனபேருக்கு நடக்கிறது இதுதான். லீடர் கட்டையா இருந்தா, பாரமில்லாத மட்லர் அடியில இருந்து ஒரு சாண் உயரத்தில நிண்டு வரும், கல்லில மாட்டுறதும் குறைவு.

எறியிறது குறுக்கால, கொஞ்சம் மேல்நோக்கி. உடனே லைனை நீரோட்டத்துக்கு எதிர்ப்பக்கம் தூக்கிப் போடுங்கோ, அப்பதான் தாழ நேரம் கிடைக்கும். லைன் இறுகினதும் வளைஞ்சு வர விடுங்கோ. நேர கீழ வந்து நிண்ட பிறகு உடனே இழுக்காமல் ஒரு பத்து எண்ணுங்கோ. பின்னால தொடர்ந்து வந்த மீன் அங்கதான் முடிவெடுக்கும். பிறகு 10-15 செ.மீ. இழுவைகள், நடுவில இடைவெளி விட்டு. முடிச்சு இறுகாத வளைய முடிச்சா இருக்கட்டும். காதில இறுக்கிக் கட்டினா தலை ஆடாது.

ஸ்கார்பரோத்_தூண்டில்:

ரெண்டு பேருக்கும் நன்றி. முடியும் நூலும் மாத்தினன், சுழலுது. இப்ப வான்கோழிச் சிறகு பிளக்குது, இல்லாட்டி ஒரு பக்கத்துக்கு உருண்டு போகுது. அதோட ஊரில இருந்து வாற ஆக்களிட்டை மான் முடி, மயிலிறகு கொண்டுவரச் சொல்லலாமோ?

சிலிர்முடி:

இறகுத் துண்டு ரெண்டும் இடச்சிறகு ஒண்ணு, வலச்சிறகு ஒண்ணுன்னு ஜோடியா வரணும். ஒரே இறகுல ரெண்டு துண்டு எடுத்தா வளைவு ஒரே பக்கம் போகும், உருளத்தான் செய்யும். அகலம் முள் வாய் அளவு. வெட்டுறதுக்கு முன்னாடி இறகோட பின்பக்கம் வளையுற தன்மையுள்ள பசையை மெல்லிசாத் தடவிக் காய விடுங்க, பிளக்காது. கட்டும்போது விரலுக்கு நடுவுல ரெண்டையும் தண்டோட சேர்த்துப் பிடிச்சு, நூலைத் தளர்வா மேல கொண்டுபோய், நேர் கீழ இறக்கி இறுக்குங்க. அப்படியும் உருண்டா ஜரிகை முடியிற இடத்துல படி இருக்கான்னு பாருங்க. அணில் முடியோட அடியைச் சரிவா வெட்டினா அந்தப் படி போயிடும்.

ஊர்லேர்ந்து எதுவும் வேண்டாம் ப்ரோ. இந்தியாவுல புள்ளிமான், கடமான் முடி வச்சிருக்கிறதே 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். மயிலிறகு ஏற்றுமதிக்கும் தடை. தவிர, வெப்பநாட்டு மான் முடி இந்த வேலைக்கு அவ்வளவா ஆகாது. குளிர்நாட்டு வெள்ளைவால் மானோட பனிக்கால முடிதான் தடிச்சு, உள்ளே நிறைய காத்தோட இருக்கும். நம்ம மலைப்பக்கத்துச் சாம்பல் காட்டுக்கோழியோட கழுத்து இறகு சால்மன் ஃபிளை கட்டுறவங்களுக்குப் பொக்கிஷம்தான். ஆனா அதுவும் பண்ணையில வளர்த்த கோழியோடதா, தாளோட வந்தா மட்டும் வாங்குங்க.

கனூ_கௌசி:

கட்டுறதைப் பற்றி மற்ற ரெண்டு அண்ணைமாரும் சொல்லிப்போட்டினம். நான் போற இடத்தைப் பற்றி.

நிப்பிகானில ப்ரூக் ட்ரவுட் ஒருவருக்கு ஒண்டுதான் வைச்சுக்கொள்ளலாம், அதுவும் 56 செ.மீ.க்கு மேல. அதுக்குக் குறைஞ்சது எல்லாம் திரும்பத் தண்ணிக்குள்ள. போக முதல் அந்த வருசத்து விதிச்சுருக்கத்தை ஒருக்கா வாசியுங்கோ. இதைச் சொல்லுறதுக்குக் காரணம், கன மீனைத் திரும்ப விடவேண்டி வரும்; லேசாக் கழட்ட உங்கட 4ஆம் நம்பர் முள்ளின்ரை எதிர்முள்ளை வைஸிலயே (முள்ளைப் பிடிச்சு வைக்கிற இடுக்கி) நசுக்கிவிடலாம். கட்டின பிறகு நசுக்கி முள் முறிஞ்சா ஒரு மணித்தியால வேலை போச்சு. கட்ட முதலே நசுக்குங்கோ.

ஆத்தில மூண்டு மின்சார அணை இருக்கு. காலமை முழங்காலளவு நிண்ட இடத்தில மத்தியானம் இடுப்பளவு நிக்கலாம், மழையே பெய்யாமல். கரையில ஒரு கல்லை அடையாளம் வைச்சு, அது நனையுதோ எண்டு பாத்துக்கொண்டிருங்கோ. நனைஞ்சா உடனே வெளிய. வேடருக்கு (தண்ணி புகாத நீளக் காற்சட்டை) மேல இடுப்புப் பட்டி இறுக்காமல் இறங்கவே வேண்டாம், குளிர்த் தண்ணி உள்ள நிரம்பினா காலைத் தூக்க ஏலாது.

ஜூன் கடைசியில கறுப்பு ஈ இன்னும் இருக்கும், நுளம்பும் சேரும். கருநீலம், கறுப்பு உடுப்பு ஈயைக் கூப்பிடும். வெளிர் நிறம் போடுங்கோ, தலைவலை கொண்டுபோங்கோ. டீட் மருந்து பூசின கையால லைனைத் தொடாதேங்கோ. அது பிளாஸ்டிக்கை இளக்கும், லைனின்ரை மேல்பூச்சு பிசுபிசுத்து வெடிச்சுப் போகும். 20 சதவீத இகாரிடின் வாங்கினா அந்தக் கரைச்சல் இல்லை.

தண்ணி வெப்பமானி ஒண்டு சட்டைப் பையில இருக்கட்டும். 10 முதல் 16 பாகை வரைக்கும் ப்ரூக் ட்ரவுட் நல்லா இரை எடுக்கும். 20ஐத் தாண்டினா அந்தக் குடாவை விட்டுடுங்கோ, விடுற மீனும் பிழைக்காது.

ஸ்கார்பரோத்_தூண்டில்:

ஐதான தலையோட மூண்டு கட்டினன். பிசைஞ்சு விட்டா வாளியில மெல்லமாத் தாழுது. காலர் மட்டும் அடிப்பக்கத்தில ஐதா, மேல கட்டியா இருக்கு.

வடகரை_மணி:

அது பிழையில்லை, அப்பிடியே விடுங்கோ. ஸ்கல்பினுக்கு முதுகு கறுப்பு, வயிறு வெளிறல். மேல கட்டியா இருந்தாத்தான் நிமிர்ந்து நீந்தும். காதுக்குப் பின்னால விட்ட 2 மி.மீ.யில நூலை முடிச்சு, ரெண்டு துளி பசை விடுங்கோ. பசை முடிக்குள்ள ஊறாமல் ஊசி நுனியால வைக்கோணும், ஊறினா முடி விறைச்சுத் தண்ணியில ஆடாது.