இவ்ளோ பணக்கார நாட்டுல சூப்பர்மார்க்கெட் வாசல்ல ஃபுட் பேங்க் கூண்டு எதுக்கு?

பார்ட்டைம்_பாண்டி:

எல்லாருக்கும் வணக்கம். நான் இங்கிலாந்துல கோவென்ட்ரில மாஸ்டர்ஸ் படிக்கிறேன், வந்து 5 மாசம்தான் ஆகுது. சின்னப்புள்ளத்தனமான கேள்வியா இருந்தா திட்டாதீங்க.

வந்த புதுசுல சூப்பர்மார்க்கெட்ல பில் போட்டு வெளிய வர்ற எடத்துல ஒரு பெரிய கம்பிக்கூண்டு வச்சிருந்தாங்க, உள்ள பீன்ஸ் டின், பாஸ்தா, டயாப்பர்லாம் கெடந்துச்சு. டேட் முடிஞ்ச சாமானை போடுற எடம்னு நெனச்சேன். அப்புறம் போர்டை படிச்சா, இல்லாதவங்களுக்கு சாப்பாட்டு சாமான் இலவசமா குடுக்கற ஃபுட் பேங்குக்கு தானமாம். சரி, வீடு வாசல் இல்லாதவங்களுக்கா இருக்கும்னு விட்டுட்டேன். போன வாரம் நான் பார்ட்டைம் போற வேர்ஹவுஸ்ல கூட வேலை பாக்குற ஒரு வெள்ளைக்காரம்மா, ரெண்டு புள்ளைங்களோட தனியா இருக்காங்க, "வியாழக்கிழமை ஷிஃப்ட் மாத்திக்கிறியா, பார்சல் வாங்க போகணும்"னாங்க. நமக்கு பார்சல்னா பரோட்டா பார்சல், இல்ல கூரியர், அவ்ளோதான? "என்ன ஆர்டர் பண்ணீங்க"ன்னு சிரிச்சுக்கிட்டே கேட்டுட்டேன். அவங்க மொகம் மாறிருச்சு. ஃபுட் பேங்க் பார்சல். எனக்கு அன்னைக்கு பூரா ஒரு மாதிரியா இருந்துச்சு.

அவங்க என்னைவிட அதிக மணி நேரம் வேலை பாக்குறாங்க. சம்பளம் ஒரே ரேட்டு, கவர்மென்ட் வச்ச மினிமம் வேஜ். கவர்மென்ட்லேந்தும் ஏதோ பணம் வருதுங்கறாங்க. அப்புறமும் ஏன் பத்தல? நம்ம ஊர்ல ரேஷன் கடையாவது ஒரு கவர்மென்ட் ஏற்பாடு, இங்க சர்ச்சுல வரிசைல நிக்கிறாங்க. இது எப்படி நடக்குது, தெரிஞ்சவங்க சொல்லுங்க.

ஹாரோ_சித்தப்பா:

தம்பி, நீர் கேட்டதில பிழை ஒண்டும் இல்லை. நான் 2001ல வந்தனான், கனகாலம் கடை நடத்தி இப்ப குடுத்திட்டன், செவ்வாய்க்கிழமையில ஒரு சேர்ச்சில சாமான் அடுக்கிக் குடுக்கப் போறனான், அதால கொஞ்சம் தெரியும்.

முதல் விளங்க வேண்டியது, ஆரும் சும்மா வந்து அள்ளிக்கொண்டு போகேலாது. டொக்டர், பள்ளிக்கூடம், சும்மா ஆலோசனை சொல்லுற சிட்டிசன்ஸ் அட்வைஸ் மாதிரி ஒரு இடத்தால வவுச்சர் எடுக்கோணும். குடுக்கிறது 3 நாளுக்குக் கணக்குப் பண்ணின சாப்பாடு. ட்ரஸல் எண்ட அமைப்பின்ர முதல் ஃபுட் பேங்க் 2000ஆம் ஆண்டு சோல்ஸ்பரியில ஒரு சின்ன இடத்தில துவங்கினது, 2023-24ல அவையின்ர இடங்களில மட்டும் 31 லட்சம் பார்சல் குடுத்திருக்கினம். தனிய நடத்திற கோயில், மசூதி, சேர்ச் எல்லாம் இந்தக் கணக்கில இல்லை.

வாறவையைப் பாத்தா உமக்கு இன்னும் ஒரு மாதிரி இருக்கும். வயசானவையைப் பராமரிக்கிற கெயர் வேலை செய்யிற பிள்ளையள் யூனிஃபோர்மோடயே வருவினம், ஷிஃப்டுக்கு நேரமாச்செண்டு வாசலில நிண்டு அவசரப்படுவினம். சில ஆக்கள் "பாஸ்தா வேண்டாம் அங்கிள்" எண்டு திருப்பித் தருவினம், ஏனெண்டா அடுப்பு எரிக்க மீற்றரில காசு இல்லை. இஞ்ச கன வீட்டில கரண்டுக்கும் காஸுக்கும் முதலே காசு போட்டாத்தான் ஓடும், போன் டொப்-அப் மாதிரி. அப்பிடியான ஆக்களுக்கெண்டு கெட்டில் பார்சல் எண்டு தனிய ஒண்டு கட்டி வச்சிருக்கிறம், சுடுதண்ணி மட்டும் ஊத்திச் சாப்பிடுற சாமான். முதல் நாள் அதைக் கட்டேக்க எனக்கு முகாமில நிவாரணம் குடுத்த ஞாபகம்தான் வந்தது, லண்டனில அதை நினைப்பன் எண்டு கனவிலயும் நினைக்கேல்லை.

இன்னொண்டு. யூனிவர்சல் கிரெடிட் எண்ட அரசாங்க உதவிக்காசுக்கு விண்ணப்பிச்சா முதல் காசு கைக்கு வர 5 கிழமை (வாரம்) செல்லும். அதுவரைக்கும் அட்வான்ஸ் எடுக்கலாம், ஆனா அது கடன், பிறகு மாசாமாசம் வெட்டுவாங்கள். கையில சேமிப்பு இல்லாத ஆள் அந்த 5 கிழமைக்குள்ளயே விழுந்திடும்.

வரிக்குதிரை:

எல்லாரும் இப்படி கண் கலங்குற மாதிரியே எழுதினா எப்படி, நானும் கொஞ்சம் கசப்பா சொல்றேன். நானும் என் மனைவியும் வேலைக்கு போறோம், ஒரே குழந்தை, ரெண்டாவது வேணும்னு ஆசைதான், நர்சரி ஃபீஸ் பாத்துட்டு வேணாம்னு முடிவு பண்ணினோம். என் சம்பளம் வருஷத்துக்கு 1 லட்சம் பவுண்டை தொட்டதும், வரி இல்லாம விடற பர்சனல் அலவன்ஸ் தொகை கரைய ஆரம்பிச்சிடுச்சு, அதுக்கு மேல சம்பாதிக்கற ஒவ்வொரு 100 பவுண்டுலயும் 62 பவுண்ட் கவர்மென்டுக்கு. இலவச சைல்ட்கேர் மணி நேரமும் கட். நாங்க கணக்கு பாத்து குழந்தை பெத்துக்கணும், இன்னொருத்தர் 4 பெத்துக்குவார், அதுக்கும் நானே கட்டணுமா? 2017ல ரெண்டு குழந்தைக்கு மேல உதவித்தொகை கிடையாதுன்னு ஒரு ரூல் கொண்டு வந்தாங்க, நியாயமாத்தான் பட்டுச்சு. அதையும் 2026 ஏப்ரல்லேந்து எடுக்கறதா 2025 நவம்பர் பட்ஜெட்டுல அறிவிச்சிட்டாங்க. பாண்டி ப்ரோ, உழைக்கறவன் தலைலதான் எல்லாம் விடியும், அதுதான் பதில்.

சங்கீ_ஃபார்ம்_நிரப்பி:

வரிக்குதிரை, பேரு சூப்பர். உங்க கடுப்பு எனக்கு புரியுது, ஆனா அந்த 62ஐ அப்படியே மனசுல வச்சுக்கோங்க, திரும்ப வர்றேன்.

நான் ஒரு அட்வைஸ் சென்டர்ல பெனிஃபிட், அதாவது கவர்மென்ட் உதவித்தொகை ஃபார்ம் நிரப்பி குடுக்கற வேலை பாக்கறேன், 9 வருஷம் ஆச்சு. பாண்டி, உங்க கேள்விக்கு நேரா வர்றேன். யூனிவர்சல் கிரெடிட் வாங்கறவங்கள்ல சுமார் மூணுல ஒருத்தர் வேலைக்கு போறவங்க. பிரிட்டன்ல வறுமைக்கோட்டுக்கு கீழ இருக்கற குழந்தைங்கள்ல பத்துக்கு ஏழு பேர் வீட்ல யாராவது ஒருத்தர் வேலை பாக்கறாங்க. 2023-24 கணக்குப்படி வீட்டுச்செலவு போக பாத்தா அப்படிப்பட்ட குழந்தைங்க சுமார் 45 லட்சம். அதனால "வேலை இல்ல, அதான் பசி"ங்கறது பழைய கதை.

ஏன் பத்தலன்னா, ஒரு குறிப்பிட்ட தொகைக்கு மேல சம்பாதிக்கற ஒவ்வொரு பவுண்டுக்கும் உதவித்தொகைலேந்து 55 பென்ஸ் கழிச்சிடுவாங்க. உங்க கூட வேலை பாக்கறவங்க எக்ஸ்ட்ரா ஷிஃப்ட் போட்டு 100 பவுண்ட் சம்பாதிக்கறாங்கன்னு வைங்க, வருமான வரி கட்டற அளவு சம்பளம் இருந்தா வரி 20, நேஷனல் இன்சூரன்ஸ்னு சம்பளத்துல பிடிக்கறது 8, மிச்சம் 72. அந்த 72ல 55 சதவீதம் உதவித்தொகைல குறையும், கிட்டத்தட்ட 40. கைல நிக்கறது 32 பவுண்ட் சொச்சம், பஸ்ஸுக்கு போக என்ன இருக்கும் சொல்லுங்க. வரிக்குதிரை, உங்களுக்கு 100ல 62 போகுது, அவங்களுக்கு 68 போகுது, நீங்க 1 லட்சத்துல இருக்கீங்க, அவங்க வேர்ஹவுஸ்ல பெட்டி தூக்கறாங்க. நீங்க ரெண்டு பேரும் ஒரே கட்சிதான், அது உங்களுக்கு தெரியல அவ்ளோதான்.

ரெண்டு குழந்தை ரூல் பத்தி சொல்லாம விட முடியாது, ஏன்னா அந்த ஃபார்ம் என் மேஜைக்குத்தான் வந்துச்சு. அந்த ரூல் இருந்தப்போ மூணாவது குழந்தைக்கு வருஷம் சுமார் 3,500 பவுண்ட் கிடைக்காது. விதிவிலக்கு இருந்துச்சு, அதுல ஒண்ணு, அந்த குழந்தை அம்மாவோட சம்மதம் இல்லாம உண்டாச்சுன்னு எழுதி குடுக்கணும். ஆமா, ஒரு அம்மா அதை ஒரு ஃபார்ம்ல எழுத வேண்டியிருந்துச்சு. அந்த பக்கத்தை நிரப்பின நாள்ல எல்லாம் நான் மத்தியானம் சாப்பிட்டதில்ல. சரி, அதனால ஜனங்க குழந்தை பெத்துக்கறது குறைஞ்சுதான்னு ஆராய்ச்சி பண்ணி பாத்தாங்க, சொல்லிக்கற மாதிரி குறையல, வறுமைதான் ஏறுச்சு. எல்லாரும் முன்கூட்டி பிளான் போட்டு பெத்துக்கறதில்லைங்க, ரெண்டு சம்பளம் வந்தப்போ மூணு பெத்திருப்பாங்க, அப்புறம் புருஷன் போயிடுவான், இல்ல நோய் வந்துடும். 2024 ஜூலைல இந்த ரூலை எடுக்கணும்னு ஓட்டு போட்ட சொந்த கட்சி எம்பிக்கள் 7 பேரை பிரதமர் ஸ்டார்மர் சஸ்பெண்ட் பண்ணார், அடுத்த வருஷமே அவரோட கவர்மென்டே எடுக்கறோம்னு அறிவிச்சது, அரசியல்ல இதெல்லாம் சகஜம். ஆனா ஒரு வீட்டுக்கு மொத்தம் இவ்ளோதான்னு இன்னொரு உச்சவரம்பு இருக்கு, பெனிஃபிட் கேப்னு 2013ல வந்தது, அதை எடுக்கறதா சொல்லல. லண்டன் மாதிரி வாடகை ஜாஸ்தியான எடத்துல பெரிய குடும்பம் சிலதுக்கு ஒரு கைல வர்றது மறு கைல போயிடும்.

இதுல எனக்கு ஆத்திரம் என்னன்னா, பணம் இல்லாம இல்ல. வயசானவங்க பென்ஷனுக்கு ட்ரிபிள் லாக்னு ஒண்ணு போட்டாங்க, விலைவாசி ஏத்தம், சம்பள ஏத்தம், 2.5 சதவீதம், இந்த மூணுல எது அதிகமோ அந்த அளவு வருஷாவருஷம் ஏறும். ஆனா கவர்மென்ட் 2016லேந்து 4 வருஷம் வேலை பாக்கற வயசுக்காரங்களோட உதவித்தொகைய ஏத்தாம உறைய வச்சது. தாத்தா பாட்டிங்க வறுமை 90கள் கடைசில இருந்ததுல கிட்டத்தட்ட பாதியா குறைஞ்சது, ரொம்ப சந்தோஷம், ஆக மனசு வச்சா செய்ய முடியும்னு தெரியுது இல்ல? தாத்தா ஓட்டு போடுவார், 3 வயசு குழந்தை போடாது.

வரிக்குதிரை:

68 கணக்கு எனக்கு தெரியாது, நிஜமா. கால்குலேட்டர்ல போட்டு பாத்தேன், சரியாத்தான் வருது. ஆனாலும் என் கேள்வி அப்படியே இருக்கு. நான் கட்டறதும் போகுது, அவங்க பசியும் தீரல, அப்ப அந்த பணம் எங்கதான் போகுது?

ஹாரோ_சித்தப்பா:

அதுக்கு நான் பதில் சொல்லுறன். என்னட்டத்தான் வருது.

உண்மையாத்தான். கடை நல்லா ஓடின காலத்தில நான் ஒரு ஃப்ளாட் வாங்கினனான். அது முந்தி கவுன்சில் வீடு, ஊராட்சி கட்டி மலிவு வாடகைக்கு விடுற வீடு. 1980ல அப்ப பிரதமரா இருந்த தாட்சர் அம்மா சட்டம் கொண்டுவந்து, கவுன்சில் வீட்டில இருக்கிறவை கழிவு விலையில சொந்தமா வாங்கலாம் எண்டு விட்டவ. வாங்கினவைக்கு நல்லதுதான், நான் பிழை சொல்லேல்லை. ஆனா இங்கிலாந்தில இதுவரைக்கும் சுமார் 20 லட்சம் வீடு அப்பிடி வித்துப் போச்சு, வித்த அளவுக்குப் புதுசாக் கட்டேல்லை. வாங்கின மனுசன் பிறகு எனக்கு வித்தார். இப்ப அதில ஒரு குடும்பம் வாடகைக்கு இருக்கு, தாயும் தகப்பனும் வேலை செய்யினம், அவையின்ர வாடகையில ஒரு பங்கு யூனிவர்சல் கிரெடிட்டால வருது. அப்ப பாருங்கோ, அரசாங்கம் தான் கட்டின வீட்டை மலிவா வித்துப்போட்டு, அதே வீட்டுக்கு எனக்கு மாசாமாசம் சந்தை வாடகை கட்டுது. வரிக்குதிரைத் தம்பி, உம்மட வரிக்காசு அவையின்ர வயித்துக்குப் போகேல்லை, அவையின்ர கையில பட்டு என்ர மோர்கேஜுக்கு, வீட்டுக் கடனுக்கு வருது. கூட்டத்தில கதைச்சா சனம் கைதட்டும் எண்டு இதைச் சொல்லேல்லை, எனக்கு வெக்கமாவும் கிடக்கு, வீட்டை விக்கிற அளவுக்கு நல்ல மனுசனும் இல்லை.

சங்கீ_ஃபார்ம்_நிரப்பி:

சித்தப்பா, இவ்ளோ ஓப்பனா யாரும் சொல்ல மாட்டாங்க. அதுல இன்னொண்ணு, வாடகைக்கு கவர்மென்ட் குடுக்கற தொகையும் உங்க வாடகை அளவுக்கு ஏறாது. முதல்ல அந்த ஏரியாவோட நடு வாடகைக்கு குடுத்தாங்க, 2011ல அதை மலிவான 30 சதவீத வீடுங்களோட அளவுக்கு இறக்கினாங்க, அப்புறம் அதையும் வருஷக்கணக்குல உறைய வச்சு வச்சு எப்பவாவது ஏத்துவாங்க. வாடகை மட்டும் உறையாது. அந்த இடைவெளிய சாப்பாட்டு காசுலேந்துதான் அடைக்கறாங்க. வாடகை பாக்கி வச்சா வீடு போயிடும், சாப்பாட்டை பாக்கி வச்சா யாரும் கேக்க மாட்டாங்க.

பார்ட்டைம்_பாண்டி:

அப்பா, நான் ஒரு வரில பதில் வரும்னு நெனச்சேன். சித்தப்பா நீங்க சொன்னதை ரெண்டு தடவ படிச்சேன். அந்தம்மாகிட்ட இன்னைக்கு ஸாரி சொன்னேன், அவங்க "நீ என்ன ஆர்டர் பண்ணேன்னு கேட்டதை என் பொண்ணுகிட்ட சொல்லி சிரிச்சேன்"ங்கறாங்க. ஷிஃப்ட் மாத்தி குடுத்துட்டேன். எனக்கு ஸ்டூடன்ட் விசா, கவர்மென்ட் உதவி எதுவும் கிடையாதுன்னு விசாலயே எழுதிருக்கு, அது தெரிஞ்சுதான் வந்தேன். அந்த கூண்டுல ஏதாவது போடணும்னு தோணுது, என்ன போட்டா உபயோகம்? ரொம்ப காசு இல்ல.

ஹாரோ_சித்தப்பா:

பாஸ்தாவும் பீன்ஸும் எங்களிட்ட மலை மாதிரி கிடக்கு, போடாதையும். ஷாம்பூ, டூத்பேஸ்ட், பொம்பிளைப் பிள்ளையளுக்குப் பாட், பெரிய சைஸ் டயாப்பர், இதுகள்தான் எப்பவும் தட்டுப்பாடு. டின் போடுறதெண்டா வளையம் இழுத்துத் திறக்கிற டின்னாப் பாத்துப் போடும், கன வீட்டில டின் கட்டர் இல்லை. பிறகு இன்னொண்டும் கேளும், ஃபுட் பேங்க் அரசாங்கக் காசு இல்லை, அது தானம், அதால ஸ்டூடன்ட் விசாவில இருக்கிற பிள்ளையளும் வரலாம். வருகினம் தம்பி, எங்கட ஆக்களும் வருகினம். உமக்கு எப்பவும் முடை வந்தா வெக்கப்படாமல் யூனிவர்சிட்டியில ஸ்டூடன்ட் சப்போட்டில வவுச்சர் கேட்டுப் பாரும்.